விஷமே இல்லாத பாம்பு, விரியனை விழுங்குவது எப்படி?

'ராஜநாகம்' என்ற சொல் நமக்கு அவ்வளவு பழக்கம். அதனால் 'கிங் ஸ்னேக்' என்று எங்காவது படித்ததும் மனம் நேராக மேற்குத் தொடர்ச்சி மலைக்குப் போய்விடுகிறது. படமெடுத்து நெஞ்சுயரத்துக்கு எழும்பி நிற்கும் அந்தப் பெரும்பாம்புதான் கண்முன் வருகிறது. இரண்டையும் ஒன்றென்று எண்ணிக் குழம்பியவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். நானும் ஒருகாலத்தில் அப்படித்தான் எண்ணிக்கொண்டிருந்தேன். அதனால் முதலில் இந்த முடிச்சை அவிழ்த்துவிடுவோம்.

ராஜநாகம் ஆசியாவின் பாம்பு, கடும் விஷமுள்ளது. கிங் ஸ்னேக் அமெரிக்கக் கண்டத்துப் பாம்பு. விஷம் துளியும் இல்லாதது. படமெடுக்காது, சீறிப் பயமுறுத்தும் அளவுக்குப் பெரியதும் இல்லை. நாம் இங்கே பேசப்போகும் பாலைவன கிங் ஸ்னேக் பெரும்பாலும் ஒரு மீட்டர் நீளம், அதாவது தாத்தாவின் கைத்தடி அளவு. மிஞ்சிப்போனால் ஒன்றரை மீட்டர். குடும்பம் என்று பார்த்தால் நம் வயல்வரப்பில் ஓடும் சாரைப்பாம்புக்குத்தான் இது சொந்தம். இரண்டுக்கும் 'கொலுப்ரிடே' என்ற ஒரே பெருங்குடும்பம். ராஜநாகமோ நல்லபாம்பும் கட்டுவிரியனும் இருக்கும் வேறொரு குடும்பம்.

அப்படியானால் இரண்டுக்கும் ஏன் 'ராஜா' பட்டம்? இரண்டும் பிற பாம்புகளைத் தின்கின்றன. அவ்வளவுதான் ஒற்றுமை. ராஜநாகம் அதை விஷத்தால் செய்கிறது. கிங் ஸ்னேக்கிடம் விஷமும் இல்லை, விஷப்பல்லும் இல்லை, விஷப்பையும் இல்லை. வாய்க்குள் இருப்பதெல்லாம் பின்னோக்கி வளைந்த சின்னச்சின்னப் பற்கள். மனிதரைக் கடித்தால் முள் கீறியதுபோல் கொஞ்சம் ரத்தம் கசியும். அப்படிப்பட்ட பாம்பு, கடித்தால் ஆளைக் கொல்லக்கூடிய கிலுகிலுப்பை விரியனை ('ராட்டில் ஸ்னேக்') தலையிலிருந்து வால்வரை விழுங்கிவிட்டு, கல்லிடுக்கில் போய்ச் சுருண்டு படுத்துக்கொள்கிறது. இது எப்படி முடிகிறது என்பதுதான் இந்தப் பாம்பைப் பற்றி எனக்குத் தீராத வியப்பு.

எந்தப் பாலைவனம்?

பாலைவனம் என்றதும் ஒட்டகமும் மணல்மேடும் நினைவுக்கு வந்தால், அந்தப் படத்தைக் கொஞ்சம் அழித்துவிட வேண்டும். இந்தப் பாம்பின் வீடு சிவாவா பாலைவனமும் அதன் ஓரங்களும். அமெரிக்காவின் டெக்சாஸ், நியூ மெக்சிகோ மாநிலங்கள், அரிசோனாவின் தென்கிழக்கு மூலை, எல்லைக்குத் தெற்கே மெக்சிகோவின் வடபகுதி என்று பரந்து கிடக்கும் நிலம். மணல் குறைவு, சரளைக்கல்லும் புதரும் காய்ந்த புல்லும்தான் அதிகம். கடல்மட்டத்துக்கு வெகு உயரத்தில் இருக்கும் மேட்டுநிலம் என்பதால் குளிர்கால இரவுகளில் உறைபனி விழும். ஆண்டு மழை சராசரியாக 250 மில்லிமீட்டரைத் தொட்டாலே பெரிது. தமிழ்நாட்டின் சராசரி மழையில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு. அந்த மழையிலும் பெரும்பகுதி ஜூலை முதல் செப்டம்பர் வரை, மாலை நேரத்து இடிமழையாகக் கொட்டித் தீர்த்துவிடும்.

நமக்குப் பிடிபடும்படி ஓர் அடையாளம் சொல்கிறேன். அந்த நிலத்தில் எங்கு பார்த்தாலும் நிற்பது மெஸ்கீட் என்னும் முள்மரம். அது நம் ராமநாதபுரம் பக்கம் நிறைந்து கிடக்கும் சீமைக்கருவேலத்தின் நெருங்கிய உறவு. சீமைக்கருவேலமே அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்ததுதான். நமக்கு வந்தேறியாகத் தெரியும் அந்த மர இனம், அங்கே மண்ணின் மைந்தன். அதன் வேரடியில் எலி வளை தோண்டுகிறது, அந்த வளைக்குள் இந்தப் பாம்பு பகலைக் கழிக்கிறது.

பெயரில் 'பாலைவன' என்ற அடைமொழி இருந்தாலும் இந்தப் பாம்பு தேடிப்போவது ஈரத்தைத்தான். ரியோ கிராண்டே போன்ற ஆறுகளின் கரை, வறண்ட ஓடைப் படுகை, மாட்டுக்குத் தண்ணீர் காட்டும் குட்டை, பாசன வாய்க்கால் ஓரம் ஆகிய இடங்களில்தான் இது அதிகம் தென்படும். காரணம் எளிது. தண்ணீர் இருக்கும் இடத்தில் புல் இருக்கும். புல் இருந்தால் பூச்சியும் எலியும் பல்லியும் வரும். அவற்றைத் தின்ன வேறு பாம்புகள் வரும். எல்லாவற்றையும் தின்ன இது வரும். பாலையில் வாழ்கிறது என்பதைவிட, பாலைக்குள் ஓடும் ஈரக்கோடுகளை ஒட்டி வாழ்கிறது என்பதே பொருத்தம் என்பேன்.

கிட்டப் போய்ப் பார்த்தால்

தூரத்திலிருந்து பார்த்தால் அழுக்குப் பழுப்பாகவோ கருப்பாகவோ தெரியும். பக்கத்தில் போனால்தான் அழகு. விலாப்பக்கம் ஒவ்வொரு செதிலும் கருப்பு. அந்தக் கருப்பின் நடுவே வெண்மஞ்சளாக ஒரு புள்ளி. யாரோ உட்கார்ந்து மெல்லிய தூரிகையால் ஒவ்வொரு செதிலுக்கும் ஒரு பொட்டு வைத்ததுபோல இருக்கும். முதுகின் நடுவில் மட்டும் புள்ளியில்லாத கரும்பட்டைகள், ஒன்றுக்கும் அடுத்ததற்கும் இடையில் மெல்லிய மஞ்சள் கோடு. தலை ஏறக்குறைய முழுக் கருப்பு, வயிறும் பெரும்பாலும் கருப்பு. குட்டியாக இருக்கும்போது மஞ்சள் கோடும் கரும்பட்டையும் பளிச்சென்று பிரிந்து தெரியும். வளர வளர புள்ளிகள் பரவி, கோலத்தின் விளிம்புகள் மங்கிவிடும்.

செதில்களில் நடுமேடு கிடையாது, வழுவழுவென்று இருக்கும். தோல் உரித்த புதிதில் எண்ணெய் தடவியதுபோல் மின்னும். இதன் அறிவியல் பெயர் 'லாம்ப்ரோபெல்டிஸ் ஸ்ப்ளெண்டிடா'. 'லாம்ப்ரோஸ்' என்றால் கிரேக்கத்தில் ஒளிரும், 'பெல்டே' என்றால் சிறு கேடயம். 'ஸ்ப்ளெண்டிடா' லத்தீன், அதற்கும் ஒளிர்வது என்றே பொருள். மின்னும் கேடயங்கள் போர்த்திய மின்னும் பாம்பு! பெயர் வைத்தவர்கள் ஒருமுறை சொல்லி மனம் ஆறாமல் இருமுறை சொல்லியிருக்கிறார்கள்.

அந்தப் பெயர்க்கதையை இங்கேயே முடித்துவிடுகிறேன். 1853-இல் ஸ்மித்சோனியன் நிறுவனத்தைச் சேர்ந்த ஸ்பென்சர் பேர்டும் சார்லஸ் ஜிரார்டும் இதை முதன்முதலில் விவரித்தார்கள். பிறகு நெடுங்காலம் இது தனி இனமாக அன்றி, அமெரிக்கா முழுக்கப் பரவிய 'காமன் கிங் ஸ்னேக்' என்ற ஒரே இனத்தின் கிளையினமாக எண்ணப்பட்டது. 2009-இல் அலெக்சாண்டர் பைரன், ஃபிராங்க் பர்பிரிங்க் இருவரும் மரபணுவையும் வாழிடத்தையும் வைத்து ஆராய்ந்து, அந்த ஒன்றை ஐந்து இனங்களாகப் பிரிக்கலாம் என்றார்கள். அந்த ஐந்தில் ஒன்றுதான் இது. கிழக்கே டெக்சாஸ் பக்கம் புள்ளி கிங் ஸ்னேக்கோடும், மேற்கே அரிசோனாவில் கலிஃபோர்னியா கிங் ஸ்னேக்கோடும் இது கலந்துவிடுகிறது. அந்த எல்லைப் பகுதியில் பிடிபடும் பாம்பைப் பார்த்து 'இது எந்த இனம்' என்று அடித்துச் சொல்வது கடினம். பழைய புத்தகத்தில் ஒரு பெயரும் புதிய புத்தகத்தில் வேறு பெயரும் இருந்தால் குழம்ப வேண்டாம், பாம்பு ஒன்றுதான்.

பிடி

இனி முக்கியமான விஷயத்துக்கு வருவோம். இந்தப் பாம்பின் ஆயுதம் அதன் உடம்பே. இரையை வாயால் கவ்விய கணமே உடம்பால் சுற்றி இறுக்கிவிடும். மலைப்பாம்பு செய்யும் அதே வேலை, சின்ன அளவில்.

இறுக்கினால் இரை மூச்சுத் திணறிச் சாகிறது என்றுதான் வெகுகாலம் சொல்லிவந்தோம். போவா பாம்புகளை வைத்து 2015-இல் வெளிவந்த ஓர் ஆய்வு அதைத் திருத்தியது. இறுக்கிய சில நொடிகளிலேயே எலியின் ரத்த ஓட்டம் தடைபடுகிறது. இதயம் அடித்தாலும் ரத்தத்தைத் தள்ள முடிவதில்லை. மூச்சு நின்று சாவதற்கு முன்பே மூளைக்கும் இதயத்துக்கும் ரத்தம் போவது நின்றுவிடுகிறது.

எலியை இறுக்குவது வேறு, இன்னொரு பாம்பை இறுக்குவது வேறு. எலிக்கு நிறைய ஆக்சிஜன் வேண்டும், சீக்கிரம் அடங்கும். பாம்பு குளிர்ரத்தப் பிராணி; குறைந்த ஆக்சிஜனிலும் நெடுநேரம் தாங்கும், அதுவரை புரளும், முறுக்கும், கடிக்கும். போதாக்குறைக்கு இரையும் வேடனைப்போலவே உடம்பெல்லாம் தசை. சமபலம் உள்ள இருவர் மல்லுக்கட்டும்போது ஒருவர் மட்டும் எப்போதும் எப்படி ஜெயிக்கிறார்?

இந்தக் கேள்வியைத்தான் டேவிட் பென்னிங்கும் பிராட் மூனும் கையில் எடுத்தார்கள். 2017-இல் வெளியான அவர்களுடைய ஆய்வில் கிங் ஸ்னேக் இனங்களையும், அவை தின்னும் அமெரிக்க எலிப்பாம்புகளையும் ஒப்பிட்டார்கள். கிங் ஸ்னேக்குக்குத் தசை கூடுதலாக இருக்கும் என்று யாரும் நினைப்பார்கள். அளந்தபோது அப்படி இல்லை; ஒரே அளவுள்ள பாம்புகளில் தசையும் இழுக்கும் வலுவும் ஏறத்தாழ ஒன்றே. ஆனால் இறுக்கும் அழுத்தம் மட்டும் கிங் ஸ்னேக்கிடம் தெளிவாக அதிகம். வித்தியாசம் சுற்றிக்கொள்ளும் முறையில் இருந்தது. எலிப்பாம்பு இரையைக் கண்டபடி சுற்றுகிறது. ஒரு சுற்று இங்கே, ஒன்று அங்கே, நூல்கண்டு சிக்கியதுபோல. கிங் ஸ்னேக் ஸ்பிரிங் சுருளைப்போல ஒன்றை ஒட்டி ஒன்றாக வரிசையாகச் சுற்றுகிறது. ஒரே அளவு பலம், ஆனால் அத்தனையும் ஒரே இடத்தில் இறங்குகிறது. பம்பரத்துக்குச் சாட்டை சுற்றத் தெரிந்தவருக்கு இது சட்டென்று விளங்கும். தாறுமாறாகச் சுற்றிய கயிற்றில் எவ்வளவு பலம் போட்டு இழுத்தாலும் பம்பரம் தள்ளாடும். வரிசையாகச் சுற்றியதுதான் நிற்கும்.

தன்னைவிட நீளமானதை விழுங்குவது

கொன்றது போதாது, விழுங்க வேண்டுமே. பாம்புக்குக் கை இல்லை, பிய்த்துத் தின்ன முடியாது. இரை எதுவானாலும் முழுசாகத்தான் உள்ளே போக வேண்டும். கிங் ஸ்னேக் பெரும்பாலும் தலைப்பக்கமிருந்து தொடங்கும். கீழ்த்தாடையின் இரு பாதிகளும் முன்னால் ஒட்டியிருப்பதில்லை. நீளும் தன்மையுள்ள தசைநார்தான் அவற்றை இணைக்கிறது. வலது பக்கத் தாடை ஓர் அடி முன்னேறிப் பற்களைப் பதிக்கும், பிறகு இடது பக்கம், மறுபடி வலது. இரையின்மேல் வாய் நடந்து போகிறது என்று சொன்னால் மிகையில்லை.

ஒரு பாம்புக்கு இன்னொரு பாம்பு வசதியான உணவு. தோள் இல்லை, இடுப்பு இல்லை, எங்கும் சிக்காது. சிக்கல் நீளத்தில்தான். வேடன் ஒரு மீட்டர், இரையும் ஒரு மீட்டர் என்றால் எங்கே அடைப்பது? வயிறு வால்நுனிவரை போவதில்லையே.

2004-இல் கேட் ஜாக்சன், நேதன் க்ளே, எலிசபெத் பிரெய்னர்ட் மூவரும் கலிஃபோர்னியா கிங் ஸ்னேக்கை வைத்து இதை ஆராய்ந்தார்கள். உள்ளே போகப்போக இரையின் முதுகெலும்பு அலையலையாக வளைந்து மடிவதைக் கண்டார்கள். நீளமான துணியை முடிச்சுக்கயிறு கோத்த பைவாயில் சுருக்கிச் சுருக்கித் தள்ளுவோமே, அதுபோல. கிங் ஸ்னேக் தன் உடம்பையே துருத்திபோலச் சுருக்கி நீட்டி, இரையை மடித்து மடித்து உள்ளே அடைத்துவிடுகிறது. தன் நீளத்தையே மிஞ்சிய பாம்பைக்கூட இப்படி அடைத்துவிட முடியும். சில சமயம் இரை முழுக்க அடங்கும் முன்பே விழுங்கத் தொடங்கிவிடும். மணிக்கணக்கில் நீளும் வேலை அது. அந்த நேரத்தில் பருந்தோ நாயோ வந்தால் ஓடவும் முடியாது, கடிக்கவும் முடியாது. அதனால் வாய்ப்புக் கிடைத்தால் இரையைப் புதர் மறைவுக்கு இழுத்துக்கொண்டு போய்விடும்.

விஷம் ஏன் ஏறுவதில்லை?

கிலுகிலுப்பை விரியன் சும்மா விழுங்கக் கொடுத்துவிடாது, திரும்பிக் கடிக்கும். நம் மேற்குத் தொடர்ச்சி மலையில் மூங்கில் குழிவிரியன் என்று ஒன்று உண்டு. கண்ணுக்கும் மூக்குக்கும் நடுவே வெப்பத்தை உணரும் குழி இருப்பதால் வந்த பெயர். கிலுகிலுப்பை விரியன்களும் அதே குழிவிரியன் கூட்டம்தான். சிவாவா பாலைவனத்தில் வைரக்கோல விரியனும் மொஹாவி விரியனும் இருக்கின்றன. இரண்டும் மனிதரைக் கொல்லும் திறன் உள்ளவை. வைரக்கோல விரியனின் விஷத்தில் ரத்தக்குழாய்ச் சுவரையும் தசையையும் அரிக்கும் நொதிகள் நிறைய உண்டு.

கிங் ஸ்னேக்கின் ரத்தத்தில் அந்த நொதிகளைக் கட்டிப்போடும் புரதங்கள் ஓடுகின்றன. கடி விழுந்து விஷம் இறங்கினாலும், அது வேலையைத் தொடங்கும் முன்பே இந்தப் புரதங்கள் பிடித்துக்கொள்கின்றன. இதன் ரத்தத்தின் தெளிநீரைப் பிரித்தெடுத்து விரியன் விஷத்தோடு சேர்த்துச் சோதித்தபோதும் விஷத்தின் வேகம் அடங்கியது.

இங்கே கீரி நினைவுக்கு வராமல் போகாது. கீரிக்கு ஏன் பாம்பு விஷம் ஏறுவதில்லை என்று கேட்டால், சண்டை முடிந்ததும் ஓடிப்போய் கீரிப்பூண்டில் புரண்டுவிடும் என்று எங்கள் பாட்டி சொல்வார். அழகான கதை, உண்மை அதைவிட அழகு. நல்லபாம்பு விஷம் நரம்பும் தசையும் சேரும் இடத்தில் நரம்பின் செய்தியை ஏற்கும் 'வாங்கி' என்னும் புரதத்தில் போய் ஒட்டிக்கொண்டு தசையை முடக்கும். கீரியின் உடலில் அந்த வாங்கியின் வடிவமே சற்று மாறியிருக்கிறது. விஷத்தால் ஒட்ட முடிவதில்லை. திருடனிடம் சாவி இருக்கிறது என்று தெரிந்து பூட்டை மாற்றிவிட்ட வீடு அது. கிங் ஸ்னேக் செய்வது வேறு. பூட்டு பழையதுதான், ஆனால் வாசலிலேயே ஆள் நிறுத்தி சாவியைப் பிடுங்கிவிடுகிறது. ஒரே ஆபத்துக்கு இரண்டு விலங்குகள் கண்ட இரண்டு வழிகள். மூலிகையில் புரள வேண்டிய தேவை இரண்டுக்கும் இல்லை.

இதைக் கேட்டுவிட்டு 'எந்த விஷமும் இதை ஒன்றும் செய்யாது' என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. இந்தத் தாங்குதிறன் வட அமெரிக்கக் குழிவிரியன்களோடு தலைமுறை தலைமுறையாக வாழ்ந்ததால் வந்தது. விஷத்துக்கு விஷம் சேர்மானம் வேறு. ராஜநாகத்தின் விஷத்துக்கு இந்தக் காவல் செல்லுபடியாகாது.

விரியனுக்கும் இந்த நிலைமை தெரியும் போலிருக்கிறது. மனிதரையோ நாயையோ கண்டால் சுருண்டு, தலையை உயர்த்தி, வாலை கிலுகிலுவென்று ஆட்டி எச்சரிக்கும் அதே விரியன், கிங் ஸ்னேக்கின் முன்னால் அதைச் செய்வதில்லை. தலையைத் தரையோடு ஒட்டி மறைத்துக்கொள்கிறது. உடம்பின் நடுப்பகுதியை மட்டும் பாலம்போல வளைத்து மேலே தூக்குகிறது. கிங் ஸ்னேக் நெருங்கினால் அந்த வளைவால் ஓங்கி அடிக்கிறது. தலை சிக்கினால்தானே விழுங்க முடியும். அதனால் தலையைக் கொடுக்காமல் முதுகைக் கொடுக்கிறது. 1941-இல் சார்லஸ் போகர்ட் இதை ஆராய்ந்து, விரியன் எதிரியைக் கண்ணால் அல்ல, வாசனையால் அறிகிறது என்று காட்டினார். கிங் ஸ்னேக்கின் தோல் மணம் பட்டாலே போதும், விரியன் வளைந்து பாலம் கட்டிவிடும். விஷப்பல்லை வைத்திருக்கும் பாம்பு அதை ஒதுக்கிவிட்டு, வெறும் முதுகால் அடித்துப் போராடுகிறது! இந்தக் காட்சியை வீடியோவில் எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அலுப்பதில்லை.

ஆனால் இதைப் பகை என்று சொல்ல எனக்கு மனமில்லை. கிங் ஸ்னேக் விரியனைத் தேடித்தேடிப் போய்ப் பழிதீர்ப்பதில்லை. அதற்கு விரியனும் உணவு, சாட்டைவால் பல்லியும் உணவு, எலிக்குஞ்சும் உணவு, பறவை முட்டையும் உணவு, மண்ணுக்குள் புதைந்த பல்லி முட்டையும் உணவு. நாக்கை நீட்டி மணத்தைத் துழாவிக்கொண்டே போகும். எது அகப்படுகிறதோ அது. தன் இனத்துப் பாம்பே குறுக்கே வந்தாலும் சில சமயம் விடுவதில்லை. அப்பகுதி பண்ணைக்காரர்கள் பலர், விரியனைத் தின்கிறதே என்று இதை அடிக்காமல் விடுகிறார்கள். நல்லதுதான். எலியை ஒழிக்கும் சாரையை நம் விவசாயிகள் விட்டுவைப்பதுபோல.

தான் இரையாகும் நேரமும் உண்டு. பருந்து, ஆந்தை, கொயோட்டி என்னும் நரிபோன்ற விலங்கு எல்லாம் இதைத் தின்னும். அகப்பட்டால் முதலில் வாலைக் காய்ந்த சருகில் படபடவென்று அடிக்கும். விரியனின் கிலுகிலுப்புபோலக் கேட்கும். பிறகு வாலடியிலிருந்து குடலைப் புரட்டும் நாற்றத்தைப் பீய்ச்சும். அதுவும் பலிக்காவிட்டால், சில பாம்புகள் மல்லாந்து புரண்டு கருவயிற்றைக் காட்டிக்கொண்டு செத்ததுபோல் கிடக்கும். விரியனை விழுங்கும் பாம்பு, பயந்தால் பிணமாக நடிக்கிறது.

கடல் கடந்த உறவுக்காரன்

வீட்டில் வளர்க்க எளிது என்பதால் கிங் ஸ்னேக் இனங்கள் செல்லப்பிராணிச் சந்தையில் மிகப் பிரபலம். வளர்ப்பில் 20 ஆண்டுகளுக்கு மேலும் வாழும். அதன் விளைவு ஒன்றைச் சொல்லாமல் விட முடியவில்லை. ஸ்பெயினுக்குச் சொந்தமான கிரான் கனேரியா தீவில், யார் வீட்டிலிருந்தோ தப்பிய அல்லது விடப்பட்ட கலிஃபோர்னியா கிங் ஸ்னேக்குகள் 1998 முதல் காட்டில் தென்படத் தொடங்கின. அவற்றில் பல, காட்டில் எளிதில் காணக் கிடைக்காத வெளிறிய அல்பினோக்கள். வளர்ப்புப் பாம்புகளின் வாரிசு என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம். அதற்கு முன் அந்தத் தீவில் பாம்பே கிடையாது. அந்தத் தீவுக்கே உரிய பெரும்பல்லி இனம் ஒன்றுக்கு, பாம்பைக் கண்டால் ஒளிய வேண்டும் என்ற பழக்கமே இருந்ததில்லை. பாம்பு பரவிய இடங்களில் அந்தப் பல்லி ஏறக்குறைய காணாமல் போய்விட்டது. டெக்சாஸில் விரியன் வாசனையாலேயே எதிரியை அறிந்து பாலம் கட்டுகிறதே, அந்த அறிவு ஒரு தலைமுறையில் வந்ததல்ல. தீவுப் பல்லிக்கு அந்த அவகாசம் கிடைக்கவில்லை. இதில் பாம்பைக் குற்றம் சொல்ல ஒன்றுமில்லை. கூண்டைத் திறந்தது மனிதக் கை.

ஓர் ஆண்டு

சொந்த மண்ணுக்குத் திரும்புவோம். குளிர் முழுவதும் எலிவளையிலோ பாறைப் பிளவிலோ அசையாமல் கிடக்கும் பாம்பு, மார்ச் வாக்கில் வெயில் சற்று உறைத்ததும் வெளியே வரும். வசந்தத்தில் காலையிலும் மாலையிலும் நடமாட்டம். ஆண்கள் பெண்ணின் மணத்தடத்தை நாக்கால் பிடித்துக்கொண்டே போகும். இரண்டு ஆண்கள் சந்தித்தால் ஒன்றையொன்று பின்னிக்கொண்டு, எதிராளியின் தலையைத் தரையில் அழுத்தப் பார்க்கும். கடி அதிகம் இருக்காது, வெறும் மல்யுத்தம்.

கோடை ஏறியதும் பகல் இதற்கு ஆகாது. தரை கொதிக்கும்; செதிலுக்கும் தரைக்கும் நடுவே செருப்பா இருக்கிறது? பாம்பு இரவாடியாக மாறிவிடும். ஜூலை, ஆகஸ்ட் மாத மழை ஓய்ந்த இரவுகள்தான் இதைக் காண ஏற்ற நேரம். ஈரமண் வாசனை, தவளைச் சத்தம், இன்னும் சூடு ஆறாத தார்ச்சாலை. அந்தச் சூட்டுக்காகச் சாலையில் வந்து கிடந்து, வண்டிச் சக்கரத்தில் மாளும் பாம்புகள் ஏராளம்.

கோடையின் தொடக்கத்திலேயே பெண் பாம்பு முட்டையிட்டிருக்கும். பெரும்பாலும் ஐந்திலிருந்து பன்னிரண்டு வரை. அழுகிய கட்டையின் அடியிலோ பழைய வளையிலோ, காயாத ஈரம் உள்ள இடமாகப் பார்த்து இடும். முட்டைக்குக் கெட்டியான ஓடு கிடையாது. நனைத்த தோல்போன்ற உறைதான். அதனால் ஈரம் வற்றினால் முட்டை சுருங்கிப்போகும். பாலையில் ஆற்றோரத்தை இது ஏன் விடுவதில்லை என்பதற்கு இன்னொரு காரணமும் இதுதான். இட்டதும் தாய் போய்விடும். அடைகாப்பதில்லை, காவல் காப்பதில்லை. மண்ணின் சூடுதான் தாய்.

ஏறத்தாழ இரண்டு மாதத்தில், மழைக்காலம் முடியும் தறுவாயில், உறையைக் கிழித்துக்கொண்டு மூக்கு எட்டிப்பார்க்கும். மூக்கின் முனையில் அதற்கென்றே ஒரு குட்டிப் பல் இருக்கும். சில நாளில் விழுந்துவிடும். பிறக்கும்போதே 20 முதல் 25 சென்டிமீட்டர் நீளம், பென்சிலைவிடச் சற்று அதிகம். கரும்பட்டையும் மஞ்சள் கோடும் அப்போதுதான் வரைந்ததுபோல் இருக்கும். முதல் தோலை உரித்ததும் பசிக்கத் தொடங்கும். பல்லிகள் இன்னும் வெயில் காய வெளியே வரும் சில வாரங்களே மிச்சம். அதற்குள் ஒன்றிரண்டு குட்டிப் பல்லிகளாவது வாயில் அகப்பட வேண்டும். பிறகு மெஸ்கீட் வேரடியில் எலி கைவிட்டுப்போன வளை ஒன்றைத் தேடி, உறைபனி விழுவதற்கு முன் அதற்குள் நுழைந்துகொள்ளும்.